உப்புச் சுருள்

வெள்ளி முடிய இன்னும் பதினொரு நிமிடம்.
நான்கு முட்டைகள் மேசையில்
ஒன்றும் தெரியாத பிள்ளைகள்போல்.
பதினாறாம் மாடிச் சன்னலுக்கு வெளியே
பாலத்து விளக்குகள் கடலைத் தாண்டிப் போகின்றன.
கீழே ஹொக்கியன் மீ கடைக்காரர்
நாற்காலிகளை அடுக்கும் சத்தம்.

கீரைக்கு விரதம் இல்லை; அதை முன்பே முடித்துவிட்டேன்.
ஜெலுத்தோங் சந்தையில் மூன்று கட்டு,
மண் போக நாலு தண்ணீர்,
வதக்கி, ஆறவிட்டு, துணியில் கட்டி
முறுக்கிப் பிழிந்தபோது
மூன்று கட்டும் ஒரு கைப்பிடிக்குள் வந்துவிட்டது.
இவ்வளவுதானா நீ என்று கேட்டேன்.
முழங்கைவரை பச்சைத் தண்ணீர்.

பன்னிரண்டு.
முதல் முட்டையைச் சட்டியின் விளிம்பில் தட்டினேன்.
சனிக்கிழமை உடைந்தது.

ஓவன் என்றுதான் எழுதுகிறேன்.
அவன் என்று எழுதுவோரும் உண்டு.
எழுதினால்,
இந்த வீட்டில் இருக்கும் ஒரே அவன்
பன்னிரண்டு தவணையில் வாங்கியது,
நூற்று எண்பதில் சூடாவது,
வேலை முடிந்தால் மணியடித்துச் சொல்லிவிடுவது
என்று பேச்சு எங்கோ போய்விடும்.

நாளை ராகு காலம் கழித்து, பத்தரைக்கு மேல்
சுங்கைப்பட்டாணியிலிருந்து வருகிறார்கள்.
அவர் பெயர் அருள்நேசன். நாற்பத்தேழு.
கையுறைத் தொழிற்சாலையில் இரவு ஷிப்டு மேற்பார்வை.
தொலைபேசியில் மூன்றே வாக்கியம் பேசினார்.
அதில் ஒன்று: எனக்குச் சர்க்கரை இருக்கிறது.
அக்கா கேட்கிறாள்,
கேசரி இல்லாமல் பெண் பார்க்கிறதா?
நாற்பத்திரண்டு வயதுப் பெண்ணை
உப்போடு பார்க்கட்டும் என்றேன்.

வெள்ளைக்கருவை அடிக்கும்போது பேச்சு கூடாது.
தீவின் காற்றில் ஈரம்; நுரை சீக்கிரம் அழும்.
சட்டியைத் தலைக்குமேல் கவிழ்த்துப் பார்த்தேன்.
தலை நனையவில்லை. போதும்.
மஞ்சள்கரு, கீரை, இரண்டு கரண்டி மாவு, மிளகு.
கலக்காமல் கலக்க வேண்டும்,
தூங்குகிறவர்மேல் போர்வையை இழுத்துவிடுவதுபோல்.
தட்டில் பரப்பி, பன்னிரண்டு நிமிடம்.

சூடு ஆறுமுன் சுருட்ட வேண்டும்.
புதுக் குட் மார்னிங் துவாலையை விரித்து
அதன்மேல் கவிழ்த்து, காகிதம் உரித்து,
விரல் சுடச் சுடத் துவாலையோடு சேர்த்து.
உள்ளே ஒன்றும் இல்லாமலே
அது சுருளாக இருக்கக் கற்றுக்கொள்ளும்.
ஆறிய பிறகு விரித்தாலும்
திரும்பிச் சுருள வழி தெரியும்.
ஆறிய பிறகுதான் தொடங்குவேன் என்றால்
முறியும்.

என்னை முதலில் சுருட்டியது இருபத்துமூன்றில்.
உள்ளே வைக்க யாரிடமும் ஒன்றும் இருக்கவில்லை.
நான்கு வருடம்.
விரித்துப் போட்டுப் பதினைந்து வருடம்.
வழி நினைவிருக்கிறதா, பார்க்கலாம்.

கிரீம் சீஸில் எலுமிச்சை பிழிந்து
கெசும் இலையைப் பொடியாய் நறுக்கி
விதை நீக்கிய சில்லி பாடி ஒன்று,
விதை நீக்காதது இன்னொன்று.
அவருக்குக் காரம் ஆகுமா என்று கேட்கவில்லை.
எனக்கு ஆகும்.
ஓரத்தில் ஒரு விரல் இடம் விட்டுத் தடவ வேண்டும்,
இல்லாவிட்டால் பிதுங்கும்.
விடவில்லை. பிதுங்கியது. நக்கினேன்.

நடுவில் ஒரு விரிசல், சுண்டுவிரல் நீளம்.
அடிப்பக்கமாகத் திருப்பி வைத்தால் தெரியாது.
வைத்தேன்.
சட்டி கழுவினேன். துவாலையை அலசிக் காயப் போட்டேன்.
திரும்பி வந்து
விரிசலை மேலே வைத்தேன்.
அனுப்பிய படத்தில் அவர் தொப்பியோடு இருந்தார்.
நாளை கழற்றுவாராக இருக்கும்.

பிரிட்ஜில் வைக்குமுன்
இரண்டு முனைகளையும் வெட்டிச் சீராக்குவது வழக்கம்.
கோணல் துண்டுகள்.
ஒன்றில் சீஸ் அதிகம், ஒன்றில் பேருக்கும் இல்லை.
மணி இரண்டே கால்.
நின்றபடியே இரண்டையும் தின்றேன்.
காரம் சரி.
மாவில் உப்புப் போட மறந்திருக்கிறேன்.
சீஸில் இருக்கிறதே,
அது போதும்.